முட்டுக் கொடுத்த மூங்கில்

முன்னே எப்பவோ, ஒரு காட்டில் கரண்டுக் கம்பிகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை குரங்குக்கு இருந்ததாம். ஒருநாள் கம்பி அறுந்து விழுந்து ஒரு தாய் எருமை செத்துப்போனது. யாரால் செத்ததோ அவர்தான் கன்றுக்குத் தீனி போட வேண்டும் என்பது காட்டு வழக்கம். விசாரிக்க ஆமை வந்தது.

"நான் என்னங்க பண்ணுவேன்? நேத்து அடிச்ச காத்துதான் அறுத்துச்சு," என்றது குரங்கு.

ஆமை, 'காற்று' என்று எழுதியது. கன்று தலையைத் தொங்கப்போட்டது.

கம்பியருகே கிடந்த மூங்கில் கழி மெல்லக் கேட்டது: "குரங்கண்ணே, தொங்குற கம்பிக்கு முட்டுக் கொடுக்க என்னை நட்டது நீங்கதானே? கம்பியை இழுத்துக் கட்டாம மூணு மழைக்காலம் என்னையே தாங்க விட்டீங்களே, அதுவும் நேத்து அடிச்ச காத்து பண்ணினதா?"

ஆமை எழுதியதை அடித்துவிட்டுப் புறப்பட்டது. குரங்கு புல்லறுக்கப் போனது. அம்மா கிடந்த இடத்தை ஒருமுறை முகர்ந்துவிட்டு, கன்றும் அதன் பின்னால் நடந்தது.