சுவருக்கு அந்தப் பக்கம்

ஒலிபெருக்கிப் பெட்டியிலிருந்து முதலில் வந்தது பாட்டு இல்லை. ஒரு சின்னச் செருமல்.

அவர் பேனாவைக் கீழே வைத்தார்.

இருபத்திரண்டு வருடமாக அந்தச் செருமலோடுதான் அவர் வீட்டில் பொழுது விடிகிறது.

குமுதவல்லி. அவருடைய மனைவி. கும்பகோணத்தில் அக்காவைப் பார்த்துவிட்டு வருகிறேன் என்று காலை ஆறு மணி பஸ்ஸுக்குக் கிளம்பியவள்.

இப்போது வானொலி நிலையத்தில், சுவருக்கு அந்தப் பக்கம், பதினேழாம் எண்ணாக உட்கார்ந்திருக்கிறாள்.

குரல் தேர்வில் பெயர் கிடையாது. எண் மட்டும்தான். பாடுகிறவர் ஓர் அறையில், நடுவர்கள் மூன்று பேர் இன்னோர் அறையில். யார் வீட்டுப் பெண், என்ன சாதி, கழுத்தில் என்ன போட்டிருக்கிறாள், எதுவும் தெரியாது. சபாக்காரர்கள் வாசலோடு திருப்பி அனுப்பிய எத்தனையோ பேர் இந்தச் சுவரின் தயவில்தான் ஊருக்கே பாடினார்கள். பாடுகிறவரின் முகம் பார்க்காத இடம் இது ஒன்றுதான் என்று இசைக் கல்லூரியில் வருடம் தவறாமல் அவர் சொல்வார்.

அந்தச் சுவரை நம்பித்தான் அவளும் வந்திருக்கிறாள்.

அவர் இங்கே இருப்பது அவளுக்குத் தெரியாது. வரவேண்டிய நடுவருக்குக் காய்ச்சல். ஒன்பது மணிக்குத்தான் இவருக்குப் போன் வந்தது.

தெரிந்தவர் பாடினால் நடுவர் எழுந்து போய்விட வேண்டும். விதி அது.

எழுந்திருக்கலாம்தான். ஏன் என்று கேட்பார்கள். என் வீட்டுக்காரி என்று சொல்ல வேண்டும். என்னிடம் சொல்லாமல் வந்திருக்கிறாள் என்றும் சொல்ல வேண்டும்.

அவர் எழுந்திருக்கவில்லை.

கேதாரகௌளை ராகம்.

கூடத்தில் உட்கார்ந்து மாணவர்களுக்கு அவர் சொல்லிக்கொடுத்ததுதான். அத்தனையையும் அடுக்களை வாங்கி வைத்துக்கொண்டிருக்கிறது. அவர் கவனிக்கவே இல்லை.

மேல் ஸ்தாயியில் அவர் எப்போதும் அவசரப்படுகிற ஓர் இடம் உண்டு. அவள் அங்கே நின்றாள். அவசரமே இல்லாமல், காற்று வாங்குகிற மாதிரி நின்றாள்.

பக்கத்தில் இன்னொரு நடுவரான வயலின்காரர் "அடடே" என்று முனகினார்.

அவருக்குச் சுருக்கென்றது.

பேனாவை எடுத்தார். நூற்றுக்கு நாற்பத்தைந்து.

மனைவி என்பதற்காக ஒரு மார்க்கூடக் கூட்டிப் போடவில்லை, அதுதான் நேர்மை என்று தனக்குச் சொல்லிக்கொண்டார். முழுப் பொய் என்று சொல்ல முடியாது. ஆனால் முன்பின் தெரியாதவள் பாடியிருந்தால் எழுபது போட்டிருப்பார். அது அவருக்கே தெரியும்.

மதியம் நிலைய அதிகாரி சகாயராஜ் தாளோடு வந்தார்.

"சார், பதினேழுக்கு மத்தவங்க அறுபத்தெட்டு, அறுபத்தாறு போட்டிருக்காங்க. மூணையும் கூட்டினா நூத்தி எண்பது வரணும். ஒரே ஒரு மார்க் இடிக்குது. வேணும்னா இன்னொரு தடவ பாருங்களேன்."

"போட்டது போட்டதுதான்."

ராத்திரி ஏழு மணிக்கு அவள் வந்தாள். அக்கா சௌக்கியம் என்றாள். நூலகத்துக்குப் போயிருந்தேன் என்றார் இவர். நல்ல ஜோடி.

அன்றைக்கு அவளாகவே அடைக்கு அரைத்தாள். தொட்டுக்கொள்ள வெல்லமும் வெண்ணெயும் வைத்தாள். அவருக்கு இரண்டாவது அடை இறங்கவில்லை.

அதற்குப் பிறகு தினமும் பதினோரு மணிக்கு ஏதாவது ஒரு வேலை அவளை வாசலுக்கு இழுத்தது. துணி உதறுவாள். கீரைக்காரியை விலை கேட்பாள். தபால்காரர் போனதும் உள்ளே வந்துவிடுவாள். இப்படி ஒன்றுக்காக அவள் காத்திருந்து அவர் பார்த்ததே இல்லை.

ஒரு செவ்வாய்க்கிழமை பழுப்பு உறை வந்தது.

நின்றபடியே படித்தாள். நாலாக மடித்தாள். அரிசி டின்னுக்கு அடியில் வைத்தாள். பிறகு ரசத்துக்குப் புளி கரைத்தாள்.

அவர் பேப்பருக்குப் பின்னால் இருந்தார். அன்றைக்காவது சொல்லியிருக்கலாம். காலில் விழ வேண்டாம், ஒரு வார்த்தை போதும். அடுத்த பக்கத்தைத் திருப்பினார்.

தேறாதவர்கள் ஒரு வருடம் கழித்துத்தான் மறுபடி விண்ணப்பிக்க முடியும். அவர் நாளை எண்ண ஆரம்பித்தார்.

இடையில் கூடத்தில் பாடம் நடக்கும்போதெல்லாம் வேண்டுமென்றே கேதாரகௌளையை எடுத்தார். அந்த இடத்தில் அவளைப் போல நிற்கப் பார்த்தார். வரவில்லை. அடுக்களையில் மிக்ஸி ஓடியது.

வருடம் முடிந்த மறுநாளே நிலையத்துக்குப் போய் வரிசையில் நின்று படிவம் வாங்கினார். இந்தத் தடவை நடுவராகக் கூப்பிட்டால் ஊரில் இல்லை என்று சொல்லிவிடுவதாக முடிவு செய்துகொண்டார். பஸ்ஸில் வரும்போது மனசு லேசாக இருந்தது. ஒரு வருடத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான் நன்றாகப் பசித்தது.

அடுக்களை மேடையில் படிவத்தை வைத்தார்.

"எழுதிப் போடு குமுதா. இந்தத் தடவ கண்டிப்பா வரும்."

அவள் கையைத் துடைத்துக்கொண்டு எடுத்தாள். முதல் பக்கத்தைப் படித்தாள். அவரைப் பார்த்தாள்.

போன வருடம் போய் வந்ததை அவள் யாரிடமும் மூச்சு விட்டதில்லை. அக்காவிடம்கூட.

அது அவருக்கு அப்போதுதான் உறைத்தது.

அவள் அடுப்பை அணைத்தாள்.

"நீங்க எத்தன போட்டீங்க?"