ரவுண்டானாவுக்கு நடுவே

லண்டனில் நகரமைப்பு படித்துவந்த துரை, இனி வரப்போகும் ஊரை அட்டையில் செய்து மேசைமேல் வைத்து, "ஆட்சேபணை உண்டா?" என்றார். சனங்கள் அவரவர் வீட்டைத் தேடினார்கள்.

"அந்தோணி, உம்ம வீட்டு மேல ரோடுல்லா போகுது வே!" என்று துக்கம் விசாரித்துக்கொண்டே நல்லசிவம் தன் வீட்டைக் கண்டுபிடித்தார். தெருவிலேயே அது மட்டும் தப்பியிருந்தது, ரவுண்டானாவின் நட்டநடுவில்.

"யோகக்காரரு வே நீரு!" என்றார் அந்தோணி.

நல்லசிவம் பூரித்துப்போய்ச் சம்மதக் கையெழுத்துப் போட்டார். துரை பொம்மைக் கார்களுக்குச் சாவி கொடுத்தார். அவை இடைவெளியில்லாமல் வீட்டைச் சுற்றின.

"இது எப்போ நிக்கும் துரை?" என்று கேட்டார் நல்லசிவம்.

"நிற்கவே நிற்காது. அதுதானே அழகு!"

சாலைக்கு அப்பால், நல்லசிவத்தின் மனைவி தங்கபுஷ்பம் காலையில் சந்தைக்கு உடுத்திப்போன அதே மஞ்சள் சேலையில், கூடையோடு ஒரு பொம்மை, கடப்பதற்கு ஒரு காலை எடுத்து வைத்திருந்தது.