சைனபா சொன்ன வசனம்

கேரளத்தில், மலப்புறம் மாவட்டத்துத் திரூர்த் திரையரங்கில் பகல் காட்சி நிரம்பி வழிகிறது. ரமீஸ் கதை எழுதிய முதல் படம். பக்கத்து இருக்கையில் அவன் உம்மா சைனபா. திரையில் ஒரு பெண் அடுக்களையிலிருந்து ஈரக்கையோடு வந்து, வீட்டை விட்டுப் போகிற கணவனிடம் சொல்கிறாள்: "போறதுன்னா போங்க. செருப்ப மட்டும் வாசல்ல விட்டுட்டுப் போங்க. வீட்ல ஆம்பள இருக்கான்னு நாலு பேர் நெனைக்கட்டும்." அரங்கம் வெடித்துச் சிரிக்கிறது. "நம்ம மலப்புறத்துப் பேச்சு அப்படியே இருக்குடா!" என்று பின்னால் ஒருவன் விசிலடிக்கிறான். எதற்குச் சிரிக்கிறார்கள் என்று சைனபாவுக்குப் புரியவில்லை. இருபத்திரண்டு வருடங்களுக்கு முன் அவளே சொன்ன வார்த்தைகள் அவை. அன்று யாரும் சிரிக்கவில்லை. முக்காட்டு நுனியை விரலில் சுற்றியபடி மகனைப் பார்க்கிறாள். திரையின் வெளிச்சம் அவன் முகத்தில் நீலமாக அசைகிறது. "நீ அப்ப தூங்கிட்டுத்தானே இருந்தே?" "இல்ல உம்மா." "இது சிரிக்கிற பேச்சாடா?" "எழுதும்போது நான் அழுதேன் உம்மா. இவங்க ஏன் சிரிக்கிறாங்கன்னு எனக்கும் தெரியல." திரையில் அந்தப் பெண் கதவைச் சாத்தித் தாழிடுகிறாள். சாத்திய கதவுக்குப் பின்னால் தான் அன்று செய்ததை வேறு யாரும் பார்க்கவில்லை என்றுதான் சைனபா இத்தனை நாள் நம்பியிருந்தாள். தூங்காமல் கிடந்தவன் அதையும் பார்த்து எழுதியிருப்பான். அவள் விரல்கள் மகனின் மணிக்கட்டை இறுக்குகின்றன. "இதோட நிறுத்தச் சொல்லுடா" என்கிறாள்.