தனித்தாள்

"மனுஷனா இவரு? கையில மாவுக்கட்டோட நிக்கிறவன் மேல கேஸ் போட்டிருக்காரே!"

கோர்ட்டு வராந்தாவில் யாரோ முணுமுணுத்தது இரும்புக்கடைப் பெரியவரின் காதில் நன்றாகவே விழுந்தது. அவர் அசரவில்லை. துணிப்பையை மார்போடு அணைத்தபடி பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் மாப்பிள்ளை. கடையில் பாதிப் பங்கு அவருக்கு.

எதிர் பெஞ்சில் வெல்டர். கடனுக்கு வாங்கிய கம்பி, தகடு வகையில் ஒன்றரை லட்சம் பாக்கி. சாரத்திலிருந்து விழுந்து நான்கு மாதமாக வேலை இல்லை. தீர்ப்பு எதிராக வந்தால் வெல்டிங் மிஷின் ஜப்தி. வீட்டில் உலை கொதிப்பதே அந்த மிஷினால்தான்.

"இவனை விட்டோம்னா நாளைக்கு ஆளாளுக்கு நம்ம தலையில மிளகா அரைப்பாங்க மாமா" என்றார் மாப்பிள்ளை.

"வாஸ்தவம்தான் மாப்பிள்ளை."

இளம் வக்கீல் மூச்சிரைக்க ஓடி வந்தாள். அவளுக்கு இது முதல் கேஸ்.

"கணக்கு நோட்டு கொண்டு வந்தீங்களா சார்?"

பெரியவர் பையைத் தட்டிக் காட்டினார். அவளுக்கு உயிர் வந்தது.

ஒரு வாரமாகப் போனில் சொல்லிக்கொண்டிருக்கிறாள். "தினமும் வரிசையா எழுதின முழு நோட்டா இருந்தாத்தான் கணக்குப் புத்தகம்னு கோர்ட்டு ஏத்துக்கும். பக்கத்தைக் கிழிச்சா செல்லாது சார்."

"நிச்சயமா செல்லாதா?" என்று அவரும் ஒவ்வொரு தடவையும் கேட்டார். பாவம், பயந்த மனுஷர் என்று நினைத்துக்கொண்டாள்.

வழக்கைக் கூப்பிட்டார்கள்.

"கணக்கைக் காட்டுங்க" என்றார் நீதிபதி.

பெரியவர் பைக்குள் கையை விட்டு, நான்காக மடித்த ஒரே ஒரு தாளை எடுத்து நீட்டினார்.

"என்ன இது?"

"வெல்டர் கணக்குங்க ஐயா. நோட்டு ரொம்பக் கனம். அதான் அவரு பக்கத்தை மட்டும் கிழிச்சுட்டு வந்தேன்."

வக்கீலம்மாவுக்குத் தலை சுற்றியது.

"மீதி நோட்டு?" என்றார் நீதிபதி.

"வீட்டுல கரப்பான் தொல்லை தாங்கலீங்க. பழைய பேப்பரோட எடைக்குப் போட்டுட்டேன்."

கோர்ட்டே சிரித்தது. மாப்பிள்ளை மட்டும் சிரிக்கவில்லை.

"வெல்டர் கையெழுத்துப் போட்ட பில் இருக்கா? சாட்சி யாராவது?"

பெரியவர் தலையைச் சொறிந்தார்.

"ஒத்தைத் தாளை யார் வேணும்னாலும், எப்ப வேணும்னாலும் எழுதிக்கலாம். இதைக் கணக்குப் புத்தகம்னு ஏத்துக்க முடியாது."

வழக்கு தள்ளுபடி ஆனது. எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்திருக்கக்கூட வேண்டியிருக்கவில்லை. நடந்தது புரியாமல் நின்ற வெல்டர், கட்டுப் போடாத கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

வெளியே வந்ததும் மாப்பிள்ளை வெடித்தார்.

"முப்பது வருஷமா கடை நடத்துறீங்களே மாமா, இதுகூடவா தெரியாது? சின்னக் குழந்தை பண்ணுமா இப்படி?"

"வயசாயிடுச்சு மாப்பிள்ளை."

"இனிமே நோட்டுப் பக்கமே நீங்க வரக்கூடாது. சொல்லிட்டேன்!"

"சரிங்க மாப்பிள்ளை."

பைக்கை ஓர் உதை உதைத்துக் கிளப்பிக்கொண்டு போனார் அவர்.

வக்கீலம்மா தயங்கித் தயங்கி அருகில் வந்தாள்.

"தப்பு என்னோடதுதான் சார். நான் இன்னும் நல்லாப் புரிய வச்சிருக்கணும்."

பெரியவர் சட்டைப் பையிலிருந்து ஒரு கவரை எடுத்து நீட்டினார். பேசிய ஃபீஸுக்கு மேலேயே இருந்தது.

"தோத்த கேஸுக்கு எதுக்கு சார் ஃபீஸ்?"

பைக் தெருமுனை திரும்பும் வரை பார்த்திருந்துவிட்டு, பெரியவர் குரலைத் தாழ்த்தினார்.

"கிழிச்சா செல்லாதுன்னு நீங்க அடிச்சுச் சொன்னீங்களே வக்கீலம்மா, அந்தத் தைரியத்துலதான் கிழிச்சேன்!"