துரையின் வசனம்

பாரிஸில் எத்தியேன் வால்மோரே, படம் பாதி ஓடுவதற்குள் சுட்டுக் கொல்லப்படும் அடியாளாகவே காலத்தை ஓட்டியவர். புதுச்சேரிக்கு வந்தபின் தமிழ்ப் படங்களில் வெள்ளைக்காரத் துரை ஆனார். இங்கேயும் சாவுதான்: கத்திக்குத்து, கல்லடி, ஒருமுறை குதிரைக் குளம்பு. அன்று காலை மீன்காரி அஞ்சலாட்சி, "துரை, இன்னிக்கு எதால சாவப் போற?" என்று கேட்டபோது, கழுத்தைத் தொட்டுக் காட்டி, "தூக்கு, அக்கா" என்று சிரித்துவிட்டு வந்திருந்தார்.

கலகக்காரர்கள் துரையைப் புளியமரத்தில் தொங்கவிடும் காட்சி. சட்டைக்குள் கட்டிய கச்சையின் கொக்கிதான் உடம்பைத் தாங்கும். கழுத்துச் சுருக்கு வெறும் வேஷம். கால் தரையை விட்டதும் கொக்கி பட்டென்று தெறித்தது. சுருக்கு நிஜமாகவே இறுகியது. கைகளோ பின்னால் கட்டப்பட்டிருந்தன. "போதும்" என்று கத்த வாயெடுத்தவருக்கு, காட்சியில் தம் வசனமே அதுதான் என்பது உறைத்தது. சொன்னால் நடிப்பென்றே நினைப்பார்கள். அதனால் அதையே பிரெஞ்சில் கத்தினார்.

"அஸே! அஸே!"

கயிற்றைப் பிடித்திருந்த தணிகாசலம் திரும்பினார். "என்னய்யா சொல்றாரு?"

"அசைங்கிறாரு அண்ணே. ஆட்டி விடணுமாம்" என்றான் பக்கத்தில் நின்றவன்.

"அடடா! தொழில் தெரிஞ்ச மனுசன்யா!" என்றார் இயக்குநர். "நல்லா ஆட்டுங்க!"

கயிறு ஆடியது. துரையின் பூட்ஸ் ஒன்று கழன்று கூட்டத்துக்கு மேலே பறந்தது. எல்லோரும் கைதட்டினார்கள். இத்தனை படங்களில் துரையின் பேச்சைக் கேட்டு அவர்கள் நடந்தது அன்றுதான். மறுபடியும் சொல்ல அவர் வாயைத் திறந்தார்.