மஞ்சள் விழாத கேள்வி

மணி அடித்தது. கடைக்குள் ஆள் நுழைந்ததுபோல அவன் நிமிர்ந்தான்.

ஆளும் இல்லை, கடையும் இல்லை. ஜவுளிக்கடையை மூடி ஆறு மாதம். இப்போது சாப்பாட்டு மேசையும் லேப்டாப்பும்தான்.

கடல் தாண்டிய ஏதோ ஒரு பல்கலைக்கழகத்தின் கருத்துக்கணிப்பு, நிரப்பிக் கொடுத்தால் கூலி. ஊர் உலகமெல்லாம் அதன்மேல் பாய்வதற்குள், பிரவுசரில் ஒட்டவைத்த எக்ஸ்டென்ஷன் என்ற குட்டி மென்பொருள் அதைப் பிடித்துப் போட்டு மணி அடித்திருந்தது.

மொத்தம் மூன்று வைத்திருந்தான். ஒன்று வேலையைப் பிடிக்கும். ஒன்று பதில்களை நிரப்பும். மூன்றாவது, பக்கத்தில் வேண்டாத எழுத்தையெல்லாம் மறைத்துவிட்டுப் பொறிக்கேள்விக்கு மட்டும் மஞ்சள் பூசும். படித்துத்தான் பதில் சொல்கிறானா என்று சோதிக்க நடுவில் ஒன்றைச் செருகி வைப்பார்கள். அதுதான் பொறி.

“மஞ்சளை மட்டும் பாருங்க மாப்ள. மத்ததைப் படிச்சீங்கன்னா பொழப்பு நடக்காது.” சொல்லிக்கொடுத்தவன் தங்கமுத்து. பக்கத்துக் கடையில் லைனிங் துணி விற்றவன். அவனும் இப்போது இதே வேலைதான்.

மஞ்சள் விழாத கேள்விகளுக்கெல்லாம் ஒரே பதில்.

தூக்கம் கெடுகிறதா? இல்லவே இல்லை.

அழத் தோன்றுகிறதா? இல்லவே இல்லை.

காரணம் உண்டு. வேறு எதைச் சொன்னாலும் கீழே பத்துக் கேள்வி புதிதாக விரியும். கூலி அதேதான். புடவையைச் சும்மா தொட்டுப் பார்த்தவளுக்கு முன்னால் அலமாரியையே பிரித்துப் போட்டவன் அவன். அவனுக்குத் தெரியாதா? தொடவே கூடாது.

இப்படி முந்நூறுக்கு மேல் முடித்தாயிற்று. அவனைவிட மனம் தெளிந்த மனிதன் அந்த நாட்டு ஆராய்ச்சியில் எவனும் இருக்க மாட்டான்.

இன்று பதில் பெட்டிகள் காலியாகவே நின்றன.

காலையில் பிரவுசர் தன்னைத்தானே புதுப்பித்துக்கொண்டது. வேலையைப் பிடிக்கிற எக்ஸ்டென்ஷன் மட்டும் பிழைத்தது. மற்ற இரண்டும் படுத்துவிட்டன.

திரையின் மேலே கடிகாரம் இறங்கிக்கொண்டிருந்தது. ஒன்பது நிமிடம். எடுத்த வேலையை முடிக்காமல் விட்டால் அவன் பெயருக்கு அந்தத் தளம் போட்டிருக்கும் மதிப்பெண் தொண்ணூற்றொன்பது சதவீதத்துக்குக் கீழே இறங்கும். இறங்கினால் நல்ல வேலை எதையும் கண்ணில் காட்ட மாட்டார்கள்.

ஆறு மாதம் கட்டிக் காத்த பெயர்.

கையால்தான் நிரப்ப வேண்டும். முதல் முறையாக, தெரிந்த இங்கிலீஷில் தட்டுத்தடுமாறிப் படித்தான்.

‘கடந்த இரண்டு வாரங்களில், எதைச் செய்தாலும் அதில் பிடிப்பே இல்லாமல் இருந்ததா?’

மஞ்சள் இல்லை. வெறும் வெள்ளை.

சமையலறையில் கடுகு வெடித்தது. தாளித்த வாசனை வந்தது. வந்தது தெரிந்தது, அவ்வளவுதான்.

‘தினமும்’ என்பதில் அழுத்தினான்.

துணிச்சல் என்றெல்லாம் இல்லை. சரக்கு இருக்கிறதா என்று கேட்டார்கள். இருந்தது.

பத்துக் கேள்விகள் விரிந்தன. அவற்றுக்கும் கீழே, பக்கத்தின் அடியில், நீல நிறத்தில் ஒரு கட்டம். ‘இப்படி இருப்பது நீங்கள் மட்டும் இல்லை. இப்போதே பேசலாம்.’ ஒரு போன் நம்பர்.

முந்நூறு பக்கத்திலும் இது இருந்திருக்கும். வேண்டாத எழுத்து என்று மறைந்திருக்கும்.

செல்போனை எடுத்தான். முன்னால் எந்த நாட்டு எண்ணும் சேர்க்காமல், சூரத்து வியாபாரியைக் கூப்பிடுவதுபோல அப்படியே அழுத்தினான்.

‘நீங்கள் அழைத்த எண் உபயோகத்தில் இல்லை. தயவுசெய்து சரிபார்க்கவும்.’

பெண் குரல். அவசரமே இல்லாத குரல். முடியும்வரை கேட்டான்.

மறுபடியும் அழைத்தான். மறுபடியும்.

“யாருங்க அது, இத்தன தடவ?” கரண்டியோடு வந்து நின்றாள் அவன் மனைவி பூங்கோதை.

“ஒருத்தருமில்ல.”

“ஒருத்தருமில்லாததுக்கா இவ்வளவு நேரம் காதுல வெச்சுட்டு உக்காந்திருக்கீங்க?”



அவள் குனிந்து திரையைப் பார்த்தாள். கடைக்கு வந்த இங்கிலீஷ் கடிதங்களையெல்லாம் படித்துச் சொன்னவள் அவள்தான். கேள்வியைப் படித்தாள். பதிலைப் படித்தாள். நீலக் கட்டத்தையும் படித்தாள்.

கரண்டியிலிருந்து ஒரு சொட்டு தரையில் விழுந்தது.

“தினமுமுங்களா?”

கடிகாரத்தில் இரண்டு நிமிடம் மீதி. ‘இல்லவே இல்லை’ என்று மாற்ற ஒரு தட்டுப் போதும். விரிந்த பத்தும் சுருங்கிக்கொள்ளும். அவன் விரல் அங்கேதான் இருந்தது.

அவள் உள்ளே போனாள். அடுப்பை அணைக்கும் சத்தம் கேட்டது. திரும்பி வந்து, நாற்காலியை இழுத்துப் போட்டு, பக்கத்தில் உட்கார்ந்தாள். கல்யாணப் புடவை எடுக்க வந்தவர்கள் உட்கார்வார்களே, அன்றைக்கு வேறு வேலையே இல்லை என்பதுபோல, அப்படி.

கடிகாரம் பூஜ்யத்தைத் தொட்டது.

மணி அடித்தது. அடுத்த வேலை விழுந்தது.

அவன் நிமிரவில்லை.