வீட்டு ஓட்டு

ஒரே ஒரு ஓட்டில் தோற்றுவிட்டு வந்த அண்ணன், வாசலிலேயே தங்கையை மறித்துக்கொண்டான்.

“எவ்வளவு நாளா காத்திருந்தே இதுக்கு?”

தங்கைக்கு ஒன்றும் புரியவில்லை. ஆறுதல் சொல்லத்தான் வந்திருந்தாள்.

மார்க்கெட் வியாபாரிகள் சங்கத்துக்கு வெகுகாலமாக அவன்தான் தலைவன். போன தேர்தலில் ஒரு மீன்கடைக்காரர் எதிர்த்து நின்றார். ஜெயித்த கையோடு அவர் கடைக்கு மட்டும் கரண்ட்டை நிறுத்தினான். ஐஸ் பெட்டியில் இருந்த மீன் அத்தனையும் அழுகிப்போய், மனுஷன் படுத்த படுக்கையாகிவிட்டார். அதற்கப்புறம் மார்க்கெட்டில் யாரும் வாய் திறக்கவில்லை.

தங்கை மட்டும் விடவில்லை. அங்கேயே பழக்கடை வைத்திருப்பவள். நேராகச் சங்க ஆபீசுக்குப் போய், நாலு பேரை மிரட்டி உட்காருவதெல்லாம் ஒரு பதவியா என்று எல்லார் முன்னாலும் கேட்டுவிட்டு வந்தாள்.

இந்த முறை மீன்கடைக்காரரின் மனைவி நின்றாள். ஜெயித்தும் விட்டாள்.

“சொந்த வீட்டுலயே எனக்குக் குழி வெட்டிட்டே இல்ல?” என்றான் அண்ணன்.

தங்கை தலையைக் குனிந்துகொண்டாள்.

“நான் உனக்குத்தான் போட்டேன். ஊரெல்லாம் நியாயம் பேசிட்டு, சீட்டைக் கையில வாங்கினதும் மனசு கேக்கல. என்ன இருந்தாலும் அண்ணனாச்சேன்னு போட்டுட்டேன். எனக்கே அசிங்கமா இருக்கு.”

அவன் நம்பவில்லை. பொய் வேறயா என்று கத்தினான். இனி இந்த வீட்டுப் படி ஏறக் கூடாது, மார்க்கெட்டில் கடையும் போடக் கூடாது, எப்படிப் பிழைக்கிறாய் என்று பார்க்கிறேன் என்றான். அண்ணி உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். தங்கை கண்ணைத் துடைத்தபடி செருப்பைத் தேடினாள்.

“நில்லுடி,” என்று அம்மா குரல் கேட்டது.

அதே மார்க்கெட்டில் வெங்காயம் விற்கிறவள் அம்மா. அப்போதுதான் கடையைக் கட்டிவிட்டு வந்திருந்தாள். தலைச்சுமையை இறக்கிவைத்துவிட்டு மகன் எதிரில் வந்து நின்றாள்.

“தோத்து முழுசா ஒரு மணி நேரம் ஆகல, அதுக்குள்ள இவ பொழப்புலயும் கை வைக்கப் பாக்கறியா? அவ சொல்றது நிஜம்டா. உனக்கு எதிரா போட்டது நான்.”

அண்ணன் தங்கையை விட்டுவிட்டு அம்மா பக்கம் திரும்பினான்.

“பெத்த தாயாம்மா நீ?”

“பெத்ததுனாலதான்டா போட்டேன். இன்னொரு தடவை ஜெயிச்சிருந்தா, நீ எனக்கு மகனா மிஞ்சியிருக்க மாட்டே.”